வில்லில் சொல்: லால்குடி ஜெயராமன் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீட்டில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகளுக்கு வயலின் சொல்லிக்கொடுக்கிறேன். கூடத்துச் சுவரில் லால்குடி ஜெயராமனின் படம் ஒன்று மாட்டியிருக்கிறது. வகுப்பு முடியும்வரை காத்திருக்கும் பெற்றோர்களின் கண் முதலில் அதில் போய் நிற்கும். பிறகு கேள்விகள் தொடங்கும். நான் அவருடைய சீடன் அல்ல. கேட்டு வளர்ந்தவன், அவ்வளவே. ஒரே பதிலை வாசற்படியில் நின்று பல தடவை சொல்லிவிட்டதால், இனி இதைப் படித்துக்கொள்ளட்டும் என்று எழுதி வைக்கிறேன்.

யார் இவர்? இரண்டு வரியில் சொல்ல முடியுமா?

1930 செப்டம்பர் 17 அன்று பிறந்து, 2013 ஏப்ரல் 22 அன்று சென்னையில் மறைந்த கர்நாடக இசை வயலின் வித்வான். பெரும் பாடகர்களுக்குப் பக்கவாத்தியம் வாசித்தவர், தனிக் கச்சேரிகள் செய்தவர், வர்ணம், தில்லானா என்ற பாட்டு வகைகளில் பல இயற்றியவர், பாடகர்களையும் வயலின் கலைஞர்களையும் உருவாக்கிய ஆசிரியர். இரண்டு வரியில் இவ்வளவுதான் முடியும்.

லால்குடி என்பது ஊர்ப் பெயரா? அங்கேதான் பிறந்தாரா?

ஊர்ப் பெயர்தான். திருச்சிக்கு வடகிழக்கே, கொள்ளிடத்தைத் தாண்டி சுமார் இருபது கிலோமீட்டரில் இருக்கிறது. திருச்சியிலிருந்து அரியலூர் வழியாக விழுப்புரம் போகும் ரயில் அங்கே நிற்கும். அவர் பிறந்தது அதை ஒட்டிய இடையாற்றுமங்கலத்தில். லால்குடியின் பழைய பெயர் திருத்தவத்துறை. ஏழு முனிவர்கள் தவம் செய்த இடம் என்பது தலபுராணம்; அதனால் இறைவன் பெயர் சப்தரிஷீஸ்வரர். படையெடுத்து வந்தவர்கள் சிவந்த கோபுரத்தைக் கண்டு ‘லால் குடி’ என்றார்களாம், அதுவே பெயராகிவிட்டதாம். கதை உண்மையோ இல்லையோ, பெயர் ஒட்டிக்கொண்டது.

தியாகராஜருக்கும் இந்தக் குடும்பத்துக்கும் தொடர்பு உண்டு என்கிறார்களே?

உண்டு. ஜெயராமனின் முன்னோரான லால்குடி ராமய்யர், தியாகராஜரிடம் நேரே பாடம் கேட்டவர். தியாகராஜர் லால்குடிக்கு வந்து அந்தக் கோயிலின் அம்மன் மீதும் இறைவன் மீதும் பாடிய ஐந்து கீர்த்தனைகளுக்கு ‘லால்குடி பஞ்சரத்தினம்’ என்று பெயர். தோடி ராகத்தில் ‘கதி நீவனி’, பைரவியில் ‘லலிதே ஸ்ரீ ப்ரவ்ருத்தே’, காம்போஜியில் ‘மஹித ப்ரவ்ருத்த’, கல்யாணியில் ‘ஈச பாஹிமாம்’, மத்யமாவதியில் ‘தேவ ஸ்ரீ தபஸ்தீர்த்த’. திருவையாற்றில் ஆராதனையின்போது எல்லோரும் சேர்ந்து பாடுவது கனராக பஞ்சரத்தினம்; அது வேறு, இது வேறு. பரீட்சைக்குப் போகும் பிள்ளைகள் இதில் குழம்புவதைப் பார்த்திருக்கிறேன்.

இந்தத் தொடர்பை வெறும் குலப்பெருமையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். கர்நாடக இசையில் ‘பாடாந்தரம்’ என்று ஒன்று உண்டு: ஒரு கீர்த்தனையை எந்த வழியில் கற்றோம், எந்தச் சங்கதி (ஒரே வரியைப் பாடும் மாற்று வடிவம்) எதற்குப் பின் வரும், எந்த இடத்தில் சொல் நிற்கும் என்ற ஏற்பாடு. அது ஏட்டில் முழுதாக ஏறாது, வாய்வழியாகவே இறங்கும். வீட்டிலேயே அது கிடைத்த பிள்ளைக்கு, மற்றவர்கள் பத்து வருடம் தேடிச் சேர்ப்பது விளையாட்டு வயதிலேயே காதில் விழுந்துவிடுகிறது.

யாரிடம் கற்றார்?

தந்தை வி.ஆர். கோபாலய்யரிடம். வெளியே வேறு குரு தேட வேண்டியிருக்கவில்லை. தந்தை கண்டிப்பானவர். விரலில் காயம் பட்டுவிடுமோ என்று பென்சில் சீவக்கூட மகனை விடமாட்டார் என்று சொல்லப்படுவதுண்டு. இதைச் சொன்னதும் பெற்றோர்கள் சிரிப்பார்கள். எனக்குச் சிரிப்பு வருவதில்லை. இடது கை ஆள்காட்டி விரல் நுனியில் ஒரு சின்னக் கீறல் இருந்தால் போதும், அந்த வாரம் கமகம் (ஸ்வரத்தை அசைத்து வளைப்பது) போயிற்று. தந்தி அதே இடத்தில்தான் அழுத்தும்.

பன்னிரண்டாவது வயதில் பக்கவாத்தியக் கலைஞராக மேடையேறிவிட்டார். பிறகு சென்னைக்குக் குடிபெயர்ந்தார்.

வயலின் வெள்ளைக்காரர் வாத்தியம் ஆயிற்றே? நம் சங்கீதத்துக்குள் எப்படி வந்தது?

முத்துசுவாமி தீட்சிதரின் தம்பி பாலுசுவாமி தீட்சிதர் சென்னைப் பக்கத்தில் ஐரோப்பியரிடம் இந்த வாத்தியத்தைக் கற்று, நம் ராகங்களுக்குப் பழக்கினார். தஞ்சை நால்வர் எனப்படும் இசை, நாட்டியச் சகோதரர்களில் ஒருவரான வடிவேலு இதில் தேர்ந்தவர். திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் அவருக்கு 1834-இல் தந்தத்தால் ஆன வயலின் ஒன்றைப் பரிசளித்தார். ஆக, இருநூறு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. வந்த விருந்தாளி என்று இன்னும் சொல்லிக்கொண்டிருப்பதில் பொருளில்லை. வீட்டு ரேஷன் கார்டில் பெயர் ஏறி வெகுகாலம் ஆகிறது.

வாத்தியம் அப்படியே வந்தது, பிடிக்கும் விதம்தான் மாறியது. மேற்கே நின்றோ நாற்காலியில் உட்கார்ந்தோ தோளுக்கும் தாடைக்கும் நடுவில் இடுக்கிக்கொள்கிறார்கள். நாம் சப்பணமிட்டு அமர்ந்து, வயலினின் தலையை வலது கணுக்காலில் ஊன்றி, மறுமுனையை இடது மார்பில் சாய்த்துக்கொள்கிறோம். இரண்டு இடத்தில் தாங்கல் கிடைத்துவிடுவதால் இடது கைக்குத் தூக்கும் வேலை இல்லை. அது தந்தியின் மேல் மேலும் கீழும் தாராளமாக வழுக்கி ஓடலாம். தோடியின் காந்தாரத்தை (‘க’ என்ற ஸ்வரத்தை) அசைக்க இந்தச் சுதந்திரம் வேண்டும். சுருதி சேர்ப்பதும் வேறு: தாழ்ந்த தந்தியிலிருந்து ஸ, ப, ஸ, ப. பாடுபவர் ஆணாக இருந்தால் ஒரு கட்டைப் பக்கம், பெண்ணாக இருந்தால் ஐந்து கட்டைப் பக்கம் (கட்டை என்பது சுருதியின் உயரம்) என்று பிருடையை, அதாவது தந்தியை முறுக்கும் முளையைத் திருகி ஏற்றி இறக்கிக்கொள்வோம்.

பக்கவாத்தியம் என்றால் பாடகரைப் பின்தொடர்வதுதானே? அதில் என்ன பெரிய வித்தை?

இந்தக் கேள்வியைக் கேட்டவர் ஒரு வங்கி அதிகாரி. நல்ல மனிதர். ஒத்திகை இல்லாமல் நடக்கும் கச்சேரி இது என்று முதலில் அவருக்குச் சொல்ல வேண்டியிருந்தது. பாடகர் அடுத்து எந்த ராகத்தை எடுப்பார் என்பது பல சமயம் மேடையில்தான் வயலின்காரருக்குத் தெரியும். சொல் இல்லாமல் ராகத்தை விரிக்கும் ஆலாபனையில் பாடகர் ஒரு பிடியை (ராகத்தின் சிறு ஸ்வரத் தொடரை) பாடும்போது அதன் நிழலாகக் கூடவே போக வேண்டும். அவர் நிறுத்தியதும் அதன் கடைசி இழையைப் பிடித்து முடிக்க வேண்டும். பிறகு தன் முறை வரும்போது, அவர் இருபது நிமிடம் பாடியதை ஆறேழு நிமிடத்தில் தன் பார்வையில் சொல்ல வேண்டும். அவரை விடக் குறைவாகச் சொன்னால் சபைக்குப் போதாது. அதிகமாகச் சொன்னால் பாடகருக்குப் பிடிக்காது.

ஜெயராமன் வாசித்த பாடகர்களின் வரிசையைப் பாருங்கள்: அரியக்குடி ராமானுஜ ஐயங்கார், செம்பை வைத்தியநாத பாகவதர், செம்மங்குடி சீனிவாச ஐயர், ஜி.என். பாலசுப்பிரமணியம், மதுரை மணி ஐயர், ஆலத்தூர் சகோதரர்கள், பிற்பாடு கே.வி. நாராயணசுவாமி, மகாராஜபுரம் சந்தானம், பாலமுரளி கிருஷ்ணா. புல்லாங்குழல் மாலிக்கும் வாசித்திருக்கிறார். இவர்களில் எந்த இருவரும் ஒரே மாதிரி பாடியவர்கள் அல்ல. ஜி.என். பாலசுப்பிரமணியத்தின் (ஜி.என்.பி.) பிருகாக்கள், அதாவது அதிவேக ஸ்வர ஓட்டங்கள், மின்னல். ஒரு நொடி அசந்தால் பிடி கைநழுவிவிடும். மதுரை மணி ஐயர் சர்வலகுவில், அதாவது தாளத்தின் இயல்பான ஓட்டத்தில், ஸ்வரம் பாடும்போது கணக்குத் தெரியாது, நடைதான் தெரியும். அங்கே கணக்குக் காட்டினால் கெட்டுப்போகும். ஒரே வரியைத் தாளக் கணக்கோடு விரிக்கும் பல்லவியில் ஆலத்தூர் சகோதரர்கள் அதற்கு நேர்மாறு. கோர்வையை (கணக்கிட்டுக் கட்டிய முடிவு ஸ்வரங்களை) ஒரே தடவை காதில் வாங்கி, தாளத்தில் அதே இடத்தில் எடுத்துத் திருப்பிக் கொடுக்க வேண்டும். ஒரு மார்கழியில் இத்தனை பேருக்கும் மாறி மாறி வாசிப்பவர், தன் பாணியைக் கொஞ்சம் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டுத்தான் மேடையேற முடியும். ஜெயராமன் அதைச் செய்தார்; ஆனாலும் அந்தப் பதிவுகளைக் கேட்டால் வயலின் வாசிப்பது யாரென்று இரண்டு பிடியில் தெரிந்துவிடும். இது எப்படி என்று எனக்கு இன்றுவரை முழுதாக விளங்கியதில்லை.

பிற்காலத்தில் தனிக் கச்சேரிகளில் அதிகக் கவனம் செலுத்தினார். அதில் அவருக்கு இருந்த நிதானம் அந்த வருடங்களில் சம்பாதித்தது என்பது என் எண்ணம்.

‘லால்குடி பாணி’ என்கிறார்களே, அது சரியாக என்ன?

எல்லோரும் சொல்லும் பதில்: வயலினைப் பாட வைத்தார். உண்மைதான். ஆனால் இதைக் கேட்டு யாருக்கும் எதுவும் புரியப்போவதில்லை. ஆகவே வகுப்பில் காட்டுவதை இங்கே எழுதிப் பார்க்கிறேன்.

கோபாலகிருஷ்ண பாரதியின் ‘சபாபதிக்கு வேறு தெய்வம் சமானமாகுமா’ என்ற பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஆபோகி ராகம், ரூபக தாளம். பிள்ளைகள் ஸ்வரத்தை மனப்பாடம் செய்து வந்து வாசிக்கிறார்கள். ஸ்வரம் சரி, தாளம் சரி, சுருதியும் பரவாயில்லை. ஆனால் வில் எங்கே திரும்புகிறது? கை நீளம் முடிந்த இடத்தில் திரும்புகிறது. ‘தெய்வம்’ என்பதில் பாதியைத் தள்ளும் வில்லில் விட்டுவிட்டு, மீதியை இழுக்கும் வில்லில் அடுத்த சொல்லோடு ஒட்டிவிடுகிறார்கள். கேட்பவர் காதில் என்ன விழுகிறது? ‘வேறுதெய்... வம்சமானமாகுமா.’ சிவபெருமானைப் பற்றிய பாட்டு வம்சத்தின் மானத்தைப் பற்றிய வழக்காகிவிடுகிறது.

இதற்கு நான் சொல்லிக்கொடுக்கும் சூத்திரம்: மெய் வில்லுக்கு, உயிர் விரலுக்கு. ஒரு சொல்லின் மெய்யெழுத்து தொடங்கும் இடத்தில் வில் திரும்பலாம், அல்லது லேசாக அழுந்தலாம். அதற்குப் பின் உயிரெழுத்து நீளும்வரை வில் திரும்பக் கூடாது. அந்த நீட்சிக்குள் நடக்கும் அசைவு முழுவதும் இடது கை விரலின் வேலை. ‘சமானமாகுமா’ என்பதன் கடைசி ‘மா’ எத்தனை அட்சரம் நீண்டாலும், அதில் எத்தனை கமகம் வந்தாலும், ஒரே வில்.

சூத்திரம் என்னுடையது, கேட்டுக் கற்றது அவருடைய வாசிப்பிலிருந்து. அவருடைய எந்தக் கீர்த்தனைப் பதிவையும் போட்டுவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு உதட்டை அசைத்துப் பாருங்கள். சாகித்யம் (பாட்டின் சொற்கள்) தெரிந்திருந்தால் வாய் தானாகக் கூடப் போகும். எந்தச் சொல் எங்கே தொடங்குகிறது என்பது வில்லின் அழுத்தத்திலேயே இருக்கிறது. வல்லினத்துக்கு ஓர் அழுத்தம், இடையினத்துக்கு ஒரு வழுக்கல். ‘க்க’ வரும்போது வில் ஒரு கணம் மூச்சைப் பிடித்துவிட்டு விடுகிறது.

இன்னொன்று, நாதத்தின் அளவு. மைக் வராத காலத்தில் வயலின் கடைசி வரிசைவரை கேட்க வேண்டும் என்பதற்காகவே மைசூர் சௌடையா ஏழு தந்தி வயலினைச் செய்து வாசித்தார். ஜெயராமன் தலையெடுத்த காலத்தில் மைக் வந்துவிட்டது. உரக்க வாசிக்க வேண்டிய கட்டாயம் போனதும், மெல்ல வாசிப்பதில் என்னென்ன செய்யலாம் என்று பார்த்தவர் அவர். கிசுகிசுப்பதுபோல ஒரு நீலாம்பரி ராகம் வாசிக்க முடிந்ததற்கு மைக்குக்கும் ஒரு பங்கு நன்றி சொல்ல வேண்டும். சிலர் இதை ஏற்கமாட்டார்கள்.

லால்குடி, டி.என். கிருஷ்ணன், எம்.எஸ். கோபாலகிருஷ்ணன்: மூவரில் யார் பெரியவர்?

வயதில் டி.என்.கே. 1928-இல் பிறந்தவர்.

சரி, முழு பதில் வேண்டுமென்றால்: மூவரையும் வயலின் மும்மூர்த்திகள் என்பார்கள். டி.என்.கே. திருப்பூணித்துறையில் பிறந்தவர், நீண்ட வில், கலப்பில்லாத சுத்தமான நாதம், அலங்காரத்துக்கு அவசரப்படாத வாசிப்பு. எம்.எஸ்.ஜி. பரூர் சுந்தரமய்யரின் மகன். வில்லின் வலிமையும் வேகமும் அந்தக் குடும்பச் சொத்து, இந்துஸ்தானியும் கைவந்தவர். ஜெயராமனிடம் சொல்லும் கமகமும். எம்.எஸ்.ஜி.யும் ஜெயராமனும் ஒரே வருடத்தில், 2013-இல், நான்கு மாத இடைவெளிக்குள் போனார்கள், டி.என்.கே. 2020-இல். எனக்கு யார் என்று கேட்காதீர்கள், படம் சுவரில் இருக்கிறது. ஆனால் ஒரு ஹம்ஸத்வனி கேட்க வேண்டும் என்று தோன்றினால் நான் டி.என்.கே.யைத்தான் போடுவேன்.

வெளிநாட்டில் யாரோ பெரிய வயலின் மேதை தன் வயலினையே கொடுத்துவிட்டார் என்கிறார்களே?

யெஹூதி மெனுஹின். 1965-இல் ஸ்காட்லாந்தின் எடின்பரோ விழாவில் ஜெயராமன் வாசித்ததைக் கேட்டு, தன்னிடமிருந்த இத்தாலிய வயலின் ஒன்றைப் பரிசளித்தார். மெனுஹின் அதற்கு முன்பே இந்தியாவுக்கு வந்தவர், நம் இசையில் ஈடுபாடு கொண்டவர். ஆகவே புதுமையைக் கண்டு மயங்கிக் கொடுத்தது என்று நினைக்க வேண்டாம். தரையில் உட்கார்ந்து, தலைகீழாகப் பிடித்ததுபோல் தோன்றும் நிலையில், அதே நாலு தந்தியிலிருந்து இதை எப்படி எடுக்கிறார் என்று பார்க்க, அந்த வாத்தியத்தை அக்குவேறு ஆணிவேறாக அறிந்த ஒருவருக்குத்தான் முடியும்.

வயலின், வேணு, வீணை சேர்ந்து வாசித்தது இவர்தானா?

ஆம். 1966-இல் தொடங்கினார். புல்லாங்குழலுக்கு என். ரமணி, வீணைக்கு ஆர். வெங்கட்டராமன். கேட்க இனிமையாக இருப்பதால் எளிது என்று தோன்றும். உண்மையில் மூன்று வாத்தியமும் மூன்று குணம். குழல் மூச்சுள்ளவரை நீளும், வயலின் வில்லுள்ளவரை. வீணையோ மீட்டிய கணத்திலிருந்தே தேயத் தொடங்கும் ஒலி. மூவரும் ஒரே வரியைச் சேர்ந்து வாசித்தால் வீணை அமுங்கிப்போகும். யார் எங்கே விலகி இடம் கொடுக்க வேண்டும் என்று ஏற்பாடு செய்ததுதான் இதில் இருக்கும் புத்திசாலித்தனம். பதிவைக் கேட்கும்போது வயலின் எப்போது வாசிக்காமல் இருக்கிறது என்று கவனியுங்கள்.

பரதநாட்டிய அரங்கேற்றங்களில் ‘லால்குடி தில்லானா’ என்று அறிவிக்கிறார்களே, அது இவர் இயற்றியதா?

இவரேதான். வர்ணங்களும் தில்லானாக்களும் ஏராளம். தமிழ், தெலுங்கு, சமஸ்கிருதம் மூன்றிலும் சாகித்யம் எழுதியிருக்கிறார். நாட்டியக்காரர்கள் அவருடைய தில்லானாக்களை விடுவதில்லை. தேஷ், பஹாடி, ராகேஸ்ரீ, பேஹாக், மதுவந்தி என்று வடக்கத்திய மணமுள்ள ராகங்களில் நிறையச் செய்தார். அதனால் இந்துஸ்தானி என்று யாராவது முணுமுணுத்தால், ஜதி (தாளச் சொற்கள்) அமைப்பைப் பார்க்கச் சொல்லுங்கள். கணக்கு முழுக்க முழுக்க நம்மூர்.

மோகனகல்யாணித் தில்லானாதான் எனக்கு நெருக்கம். ஏறும்போது மோகனம், இறங்கும்போது கல்யாணி. ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதர் உருவாக்கிய ராகம். ஏறும்போது ஐந்து ஸ்வரம், இறங்கும்போது ஏழு. அதாவது மேலே போகும் வழியில் இல்லாத இரண்டு படிகள் கீழே வரும்போது முளைத்திருக்கும். தில்லானாவின் சொற்கட்டு அந்தப் படிகளில் கால் வைக்கும் இடம் ஆடுபவருக்கு ஒரு சின்ன மடிப்பாகக் கிடைக்கிறது. என்னிடம் படிக்கும் ஒரு பெண் நாட்டியமும் கற்பவள். அவள் இந்த இடம் வரும்போது சப்பணமிட்ட நிலையிலேயே கழுத்தை அசைப்பாள். வில் நேராக வராது. நான் ஒன்றும் சொல்வதில்லை.

வர்ணங்களில் சாருகேசி ‘இன்னும் என் மனம்’ என்பதை நாட்டியமேடையில் கேட்காதவர் குறைவு. வலஜியில் ‘சலமு சேய’ பாடகர்கள் கச்சேரி தொடங்கப் பாடுவது. வலஜியில் ரிஷபமும் மத்யமமும் கிடையாது, ஐந்து ஸ்வரத்தில் இத்தனை வளைவு எப்படி வந்தது என்று தோன்றும். மதுரை மீனாட்சியைப் பற்றிய ‘அங்கயற்கண்ணி’ நவரச வர்ணம், ஒன்பது ரசத்துக்கு ஒன்பது ராகமாக ராகமாலிகையில் அமைந்தது. ‘ஜெய ஜெய தேவி’ என்ற நாட்டிய நாடகத்துக்கும் இசையமைத்தார். அது 1994-இல் அமெரிக்காவின் கிளீவ்லாந்தில் அரங்கேறியது.

வயலின்காரர் இயற்றிய பாட்டுகளைப் பாடகர்களும் ஆடுபவர்களும் இவ்வளவு எடுத்துக்கொண்டது ஏன்? தொண்டைக்கு ஏற்றபடி இருப்பதால். வாத்தியத்தில் மட்டும் வசதியான பாய்ச்சல்களை அவர் பாட்டில் வைக்கவில்லை.

ஆசிரியராக எப்படி? யார் யார் அவரிடம் கற்றார்கள்?

பெயர்களைச் சொல்கிறேன், ஒரு விஷயம் தென்படுகிறதா பாருங்கள். பாம்பே ஜெயஸ்ரீ, சாகேதராமன், எஸ்.பி. ராம், விசாகா ஹரி. வயலினில் விட்டல் ராமமூர்த்தி, பத்மா சங்கர், இன்னும் பலர்.

முதலில் சொன்ன நால்வரும் பாட்டுக்காரர்கள். விசாகா ஹரி அதோடு ஹரிகதையும் சொல்பவர். ஒரு வயலின் வித்வானிடம் பாட்டுக் கற்கப் போனவர்கள் இவர்கள். மற்ற வாத்தியக்காரர்களிடமும் இப்படி ஒன்றிரண்டு பேர் போவதுண்டு. ஆனால் இந்த அளவுக்கு, இந்த உயரத்துக்கு வந்தவர்கள் என்று பார்த்தால் இது சாதாரணமில்லை. அவர் பாடிக் கற்பித்தவர். வயலினைக் கற்பிக்கும்போதும் அடிப்படை வாய்ப்பாட்டுத்தான். பாட்டுக்காரர் தொண்டையிலும் வயலின்காரர் வில்லிலும் இறக்கிக்கொள்ள வேண்டியது ஒன்றே என்பதுதான் அவர் பாணியின் அஸ்திவாரம் என்று நான் நினைக்கிறேன். அதற்குச் சாட்சி தேடி எங்கும் போக வேண்டியதில்லை, சீடர்களின் பட்டியலே போதும்.

குடும்பத்தில் யார் வாசிக்கிறார்கள்?

மகன் ஜி.ஜே.ஆர். கிருஷ்ணன், மகள் லால்குடி விஜயலட்சுமி, இருவரும் வயலின். தந்தையோடு மேடையில் சேர்ந்தும் வாசித்திருக்கிறார்கள். சகோதரி ஸ்ரீமதி பிரம்மானந்தமும் வயலின் கலைஞர். இன்னொரு சகோதரி பத்மா அனந்தகோபாலன் வீணை ஆசிரியை.

விருதுகள்? சங்கீத கலாநிதி வாங்கினாரா?

1972-இல் பத்மஸ்ரீ, 1979-இல் சங்கீத நாடக அகாதெமி விருது, 2001-இல் பத்மபூஷண். சென்னை மியூசிக் அகாதெமி தரும் சங்கீத கலாநிதி பட்டியலில் அவர் பெயர் இல்லை. அவருடைய சீடர் பாம்பே ஜெயஸ்ரீயின் பெயர் 2023-க்கு நேரே இருக்கிறது. விருதுகளைப் பற்றி இதற்கு மேல் பேச எனக்கு ஆர்வமில்லை.

சினிமாவுக்கு இசையமைத்தாராமே?

‘சிருங்காரம்’ என்ற படம். தேவதாசி ஒருத்தியின் கதை. அந்த இசைக்காக 2005-ஆம் ஆண்டுக்கான தேசியத் திரைப்பட விருது கிடைத்தது.

என் பிள்ளைக்கு ஏழு வயது. இந்தப் பாணியில் கற்றுக்கொள்ள என்ன செய்ய வேண்டும்?

முதலில் வயலின் வாங்காதீர்கள்.

ஆறு மாதமாவது பாட்டு வகுப்புக்கு அனுப்புங்கள். சரளி வரிசை, ஜண்டை வரிசை என்ற தொடக்க ஸ்வரப் பாடங்கள் வாயில் ஏறட்டும். சுருதிப் பெட்டியோடு ஒட்டி ‘ஸ’ பிடிக்கத் தெரியாத பிள்ளை வயலினில் அதைக் கண்டுபிடிக்கவே முடியாது. வயலினில் மெட்டு (ஸ்வர இடத்தைக் காட்டும் குறுக்குக் கம்பி) கிடையாது, விரல் எங்கே விழ வேண்டும் என்பதைக் காது மட்டுமே சொல்லும். வீணையிலாவது மெட்டு ஓரளவு காப்பாற்றும்.

பிறகு அளவு பார்த்து வாங்குங்கள். கால், அரை, முக்கால், முழு என்று நான்கு அளவு சாதாரணமாகக் கிடைக்கும். ‘வளர்ந்தால் சரியாகிவிடும்’ என்று தீபாவளிச் சட்டைபோலப் பெரிதாக எடுக்க வேண்டாம். வாங்கும்போது ஆசிரியரைக் கூட்டிக்கொண்டு போங்கள். என் முதல் வயலினை ஒரு கடையில் நானே போய் வாங்கினேன். குதிரை, அதாவது தந்திகளைத் தாங்கும் மரத்துண்டு, தேவைக்கு மேல் உயரம். தந்தி விரல்பலகைக்கு மேலே கொடிக்கயிறு மாதிரி நின்றது. அழுத்தி அழுத்தி விரல் நுனி புண்ணானதை, சாதகம் பலிக்கிறது என்று மூன்று மாதம் பெருமையாக நினைத்துக்கொண்டிருந்தேன். ஆசிரியர் ஒருநாள் வாங்கிப் பார்த்துவிட்டு, குதிரையைக் கழற்றி, உப்புத்தாளில் நாலு இழுப்பு இழுத்து மாட்டிக் கொடுத்தார். வேலை பத்து நிமிடம்தான்.

யூடியூபில் அவருடைய பதிவுகளைப் பார்த்தே கற்றுக்கொள்ளலாமா?

கேட்கலாம். ஸ்வரத்தை எழுதிக்கொள்ளலாம். வில் எந்தப் பக்கம் போகிறது என்று பார்க்கவும் செய்யலாம். ஆனால் நீங்கள் வாசிப்பதில் எங்கே பிழை என்று அந்தப் பதிவு சொல்லாது.

எதிலிருந்து கேட்கத் தொடங்குவது?

தில்லானாக்களில் தொடங்குங்கள், அவை சீக்கிரம் ஒட்டிக்கொள்ளும். அடுத்து, ஜி.என்.பி.க்கோ மதுரை மணி ஐயருக்கோ அவர் பக்கவாத்தியம் வாசித்த பழைய ஒலிப்பதிவு ஒன்று. இரைச்சல் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். முதல் தடவை பாட்டை மட்டும் கேளுங்கள். இரண்டாம் தடவை வயலினை மட்டும். அதற்குப் பிறகு தனிக் கச்சேரிக்குப் போகலாம். உங்களுக்குச் சாகித்யம் நன்றாகத் தெரிந்த கீர்த்தனை ஒன்று அதில் இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள். கூடவே பாடத் தோன்றினால் பாடுங்கள். சென்ற வாரம் வகுப்பில் அப்படி ஒரு பதிவைப் போட்டேன். பிள்ளையைக் கூட்டிப்போக வந்த ஒரு பாட்டி வாசலில் செருப்பைக் கூடக் கழற்றாமல் நின்று, அடுத்த வரியை வயலினுக்கு அரை நொடி முன்னால் சொல்லிக்கொண்டே போனார். பிள்ளைகள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் கவனிக்கவில்லை.